அழைத்தபோது ஆளில்லை என்று தள்ளுபடியான மேல்முறையீட்டை மீட்க முடியுமா?

வாசகி ஒருவர் எழுதிய நீண்ட கடிதத்தின் சுருக்கம் இது. அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை நீக்கிவிட்டேன்.

அவர் குடியிருக்கும் வீடு மாமியாருக்குச் சொந்தமானது. மாமியார் உயிரோடு இருந்தபோதே அதை இவர் பெயருக்குத் தானசெட்டில்மென்ட் எழுதிப் பதிவு செய்து கொடுத்தார். மாமியார் காலமான பின், கணவரின் அண்ணன் வழக்குத் தொடுத்தார். செட்டில்மென்ட் எழுதியபோது அம்மா நல்ல மனநிலையில் இல்லை என்றும், அதற்கு முன் எழுதிய உயிலின்படி வீடு தனக்கே சேரும் என்றும் அவர் வாதிட்டார். விசாரணை நீதிமன்றம் அதை ஏற்று, வீட்டின் சுவாதீனத்தை அவரிடம் ஒப்படைக்கச் சொல்லித் தீர்ப்பளித்தது. வாசகி சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்து, தீர்ப்பை நிறைவேற்றத் தடையாணையும் வாங்கினார். “இனி நீங்கள் வாய்தாவுக்கு வர வேண்டியதில்லை, தேவைப்பட்டால் கூப்பிடுகிறேன்” என்றார் வக்கீல்.

கடந்த மார்ச்சில் அந்த வக்கீல் உடல்நலம் குன்றி, சில மாதங்கள் நீதிமன்றத்துக்கே போகவில்லை. ஜூனியரும் வேறு இடத்துக்குப் போய்விட்டார். வாசகி மே மாதம் போன் செய்தபோதும் செப்டம்பரில் செய்தபோதும் “தேதி தள்ளிப்போயிருக்கிறது” என்றே குமாஸ்தா சொல்லியிருக்கிறார். ஜூலையில் கட்டணத்தின் ஒரு தவணையைக்கூட வாசகி கைப்பேசி வழியாக அனுப்பியிருக்கிறார். ஆகஸ்டில் கணவருக்கு இருதய அறுவை சிகிச்சை நடந்தது. ஜனவரி 9 அன்று நீதிமன்ற ஊழியரான அமீனா, தீர்ப்பை அமல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவின் நோட்டீஸோடு வாசலில் வந்து நின்றபோதுதான், ஜூன் 12 அன்றே மேல்முறையீடு தள்ளுபடியானது இவருக்குத் தெரியவந்தது.

“என் பக்கத்தைக் கேட்காமலே நீதிபதி எனக்கு எதிராகத் தீர்ப்பு சொல்லிவிட்டாரா? எனக்குத் தெரிந்த நாளிலிருந்து முப்பது நாள் இருக்கிறது, அவசரம் இல்லை என்கிறார் உறவினர் ஒருவர். நேரே உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு போடு என்கிறார் இன்னொருவர். ஜூன் 12 அன்று நானே ஆஸ்பத்திரியில் இருந்ததாக டாக்டர் சான்றிதழ் வாங்கித் தாருங்கள், வேலை சுலபம் என்கிறார் குமாஸ்தா. தடையாணை கையில் இருக்கும்போது எங்களை எப்படி வெளியேற்ற முடியும்? வக்கீல் மீது நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகலாமா?” என்று கேட்டிருக்கிறார்.

சகோதரி, இந்தப் பதில் அச்சில் வரும்வரை நீங்கள் காத்திருக்கக் கூடாது என்பதால் அவசரமான இரண்டு வரிகளை உங்களுக்கு முன்பே தனியாக அனுப்பிவிட்டேன். விரிவான பதில் இது. இதே இக்கட்டில் நிற்கும் மற்றவர்களுக்கும் சேர்த்து எழுதுகிறேன்.

நீங்கள் தோற்றுவிடவில்லை. மேல்முறையீட்டில் இரு தரப்பும் வாதாடி, அதைக் கேட்டு நீதிபதி முடிவு சொன்னால்தான் தோல்வி, வெற்றி என்ற பேச்சே எழும். ஜூன் 12 அன்று அப்படி எதுவும் நடக்கவில்லை.

ஜூன் 12 அன்று நடந்தது

பட்டியலில் உங்கள் மேல்முறையீடு வாதத்துக்காக இருந்தது. வழக்கு எண்ணைச் சொல்லி டவாலி வராந்தாவில் பெயர் கூப்பிட்டிருப்பார். உங்கள் தரப்பில் எவரும் எழுந்திருக்கவில்லை. பெரும்பாலான நீதிபதிகள் உடனே தள்ளுபடி செய்துவிட மாட்டார்கள். பிற்பகலில் இன்னொரு முறை அழைக்கச் சொல்வார்கள், அல்லது ஒன்றிரண்டு வாய்தா பொறுத்துப் பார்ப்பார்கள். நீங்கள் அனுப்பிய உத்தரவு நகலில், அதற்கு முந்தைய இரண்டு தேதிகளிலும் உங்கள் பக்கம் ஆளில்லை என்ற குறிப்பு இருக்கிறது. மூன்றாவது முறையும் அப்படியே நேர்ந்ததால், ‘மேல்முறையீட்டாளர் அழைக்கப்பட்டார், ஆஜராகவில்லை, வராமையால் தள்ளுபடி’ என்று ஒரே வரியில் உத்தரவு எழுதப்பட்டது.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41, விதி 17 நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரத்தைக் கொடுக்கிறது. அதே விதிதான் உங்களைக் காப்பாற்றவும் செய்கிறது. மேல்முறையீட்டாளர் வராதபோது வழக்கின் தகுதிக்குள் புகுந்து ‘இவருக்கு உரிமை இல்லை’ என்று தள்ளுபடி செய்ய இந்த விதி இடம் கொடுக்காது என்று 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் ஒரு விளக்கத்தைச் சேர்த்தது. மேல்முறையீட்டாளர் தரப்பு வராத ஒரு வழக்கை உயர் நீதிமன்றமே தகுதியின் பேரில் தள்ளுபடி செய்தபோது, அது செல்லாது என்று அப்துர் ரஹ்மான் எதிர் ஆதிஃபா பேகம் வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வீடு யாருடையது, உயில் உண்மையா, மாமியார் சுயநினைவோடு கையெழுத்திட்டாரா என்ற கேள்விகளை ஜூன் 12 உத்தரவு தொடவே இல்லை.

ஆகையால் இப்படித் தகவல் கேள்விப்படும் எவரும் முதலில் சான்றிட்ட நகலுக்கு மனுப் போட்டு, உத்தரவின் வாசகத்தைப் படிக்க வேண்டும். ‘வராமையால் தள்ளுபடி’ என்றிருந்தால் அதே நீதிமன்றத்தில் மீட்பு மனு. வராத நிலையிலும் ஆவணங்களை அலசித் தகுதியின் பேரில் தள்ளுபடி செய்திருந்தால் வழி வேறு. அப்போதுதான் இரண்டாம் மேல்முறையீட்டைப் பற்றிய பேச்சு வரும். உயர் நீதிமன்றத்துக்குப் போகச் சொன்னவர் இந்த இரண்டையும் ஒன்றாக எண்ணிவிட்டார் என்று நினைக்கிறேன். வராமைக்காகப் பிறப்பித்த தள்ளுபடி உத்தரவு ‘தீர்ப்பாணை’ (உரிமைகளை முடிவு செய்யும் ஆணை) ஆகாது என்று அதே சட்டத்தின் பிரிவு 2(2) சொல்கிறது. தீர்ப்பாணை இல்லாத ஒன்றின் மீது இரண்டாம் மேல்முறையீடு நிற்காது. நீங்கள் அங்கே போயிருந்தால் பணத்தோடு, திரும்பக் கிடைக்காத சில வாரங்களும் போயிருக்கும்.

முப்பது நாள் எப்போது தொடங்கியது

உங்கள் உறவினர் சொன்னதுதான் எனக்கு மிகவும் கவலையளிக்கிறது. நல்லெண்ணத்தோடுதான் சொல்லியிருப்பார். ஆனால் அதை நம்பிப் பிப்ரவரி வரை சும்மா இருந்தால் பெரிய கேடு விளையும்.

1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தில் அடுத்தடுத்து இரண்டு உறுப்புகள் இருக்கின்றன. உறுப்பு 122, வராமையால் தள்ளுபடியான வழக்கையோ மேல்முறையீட்டையோ மீட்பது பற்றியது. அதற்குத் தள்ளுபடியான தேதியிலிருந்து 30 நாள். உறுப்பு 123, ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பானதை நீக்கக் கோருவது பற்றியது. அதில் மட்டும்தான், நோட்டீஸ் முறையாகச் சார்பு செய்யப்படாதவருக்கு (சேர்ப்பிக்கப்படாதவருக்கு) ‘தெரியவந்த நாள்’ என்ற சலுகை இருக்கிறது. உறவினர் சொன்னது 123. உங்களுக்குப் பொருந்துவது 122. மேல்முறையீடு செய்தவரே நீங்கள். உங்கள் வழக்கு எங்கே நிற்கிறது என்று உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்று சட்டம் எதிர்பார்க்கிறது.

எனவே உங்கள் 30 நாள் ஜூலை 12-ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. ஜூலை 13 முதல் நீங்கள் மனுத் தாக்கல் செய்யும் நாள் வரை எல்லாமே தாமதம். ஜனவரி 20 அன்று தாக்கல் செய்தால் 192 நாள் தாமதம். மனுவில் இந்த எண் சரியாக இருக்க வேண்டும். எண்ணைத் தவறாகப் போட்டதால் மனு திருப்பப்பட்டு, திருத்திக் கொடுப்பதற்குள் இன்னும் சில வாரங்கள் ஓடிய வழக்குகள் ஏராளம்.

192 நாள் என்றதும் மனம் தளர வேண்டாம். காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு, போதுமான காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. என். பாலகிருஷ்ணன் எதிர் எம். கிருஷ்ணமூர்த்தி வழக்கில் 883 நாள் தாமதத்தை 1998-இல் உச்ச நீதிமன்றம் மன்னித்தது. எத்தனை நாள் என்பதைவிட, சொல்லும் விளக்கம் ஏற்கும்படி இருக்கிறதா என்பதே முக்கியம் என்று அதில் சொன்னது. அந்தத் தீர்ப்பையே மறுபக்கமாகவும் படிக்க வேண்டும்: விளக்கம் ஏற்கும்படி இல்லையென்றால் குறைந்த நாள் தாமதமும் மன்னிக்கப்படாமல் போகலாம். அண்மைக் காலத்தில் நீதிமன்றங்கள் இதில் முன்னைவிடக் கண்டிப்பாக இருக்கின்றன என்பது என் எண்ணம்.

பிரமாணப் பத்திரத்தில் எழுத வேண்டியது

நீங்கள் இரண்டு மனுக்கள் போட வேண்டும். ஒன்று, கட்டளை 41 விதி 19-இன் கீழ் மேல்முறையீட்டை மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரும் மனு. மற்றொன்று, அதைக் காலங்கடந்து போடுவதற்கான தாமத மன்னிப்பு மனு. இரண்டும் வெவ்வேறு கேள்விகளுக்குப் பதில் கேட்கின்றன என்பதைப் பலர் கவனிப்பதில்லை. முதல் மனு கேட்பது: ஜூன் 12 அன்று ஏன் வரவில்லை? இரண்டாவது கேட்பது: ஜூலை 12-க்குள் ஏன் மனுப் போடவில்லை, அதற்குப் பிறகும் இத்தனை நாள் ஏன் ஆயிற்று?

உங்கள் கணவரின் அறுவை சிகிச்சை ஆகஸ்டில் நடந்தது. ஜூன் 12-க்கு அது காரணம் ஆகவே ஆகாது. தாமதத்திலும் ஒரு பகுதிக்குத்தான் அது விளக்கம். அதை எல்லாவற்றுக்கும் காரணமாக நீட்டினால், எதிர்த்தரப்பு வக்கீல் மருத்துவமனையின் டிஸ்சார்ஜ் தாளில் உள்ள தேதியைப் படித்துக் காட்டினாலே போதும், உங்கள் மனு முழுவதன் மீதும் சந்தேகம் விழுந்துவிடும்.

குமாஸ்தா சொன்ன யோசனையைத் தயவுசெய்து மறந்துவிடுங்கள். நீங்கள் ஜூன் 12 அன்று ஆஸ்பத்திரியில் இல்லை. இருந்ததாகச் சத்தியம் செய்து கையெழுத்திடுவது குற்றம். அது ஒருபுறம் இருக்கட்டும், உங்களிடம் உண்மையான, வலுவான காரணம் இருக்கும்போது பொய் எதற்கு? அன்று நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்பது வழக்குத் தொடுத்த உங்கள் மைத்துனருக்குத் தெரியும். குறுக்கு விசாரணையில் ஒரே கேள்வியில் சான்றிதழ் கிழிந்துபோகும். அதோடு சேர்ந்து வீடும் போகும்.

உங்கள் கடிதத்திலேயே நல்ல சான்றுகள் இருக்கின்றன. நீங்கள் அவற்றைச் சாதாரணமாகச் சொல்லிவிட்டுக் கடந்துபோயிருக்கிறீர்கள். மே மாதமும் செப்டம்பரிலும் நீங்கள் வக்கீல் அலுவலகத்துக்குப் போன் செய்தது கைப்பேசி நிறுவனத்தின் அழைப்புப் பட்டியலில் இருக்கும். பழைய பதிவுகள் அழிவதற்குள் கேட்டு வாங்குங்கள். ஜூலையில் கட்டணத் தவணை அனுப்பிய பதிவு வங்கிக் கணக்கறிக்கையில் இருக்கிறது. தள்ளுபடியாகி ஒரு மாதம் கழித்து, இல்லாத வழக்குக்கு யாராவது கட்டணம் அனுப்புவார்களா? வழக்கு உயிரோடு இருக்கிறது என்று நீங்கள் மனமார நம்பியதற்கு இதைவிட நல்ல சான்று கிடைக்காது. என்னைக் கேட்டால் மனுவின் முதுகெலும்பே இந்த ஒரு வரிதான்.

பத்திகள் ஏறத்தாழ இப்படி வரலாம்:

‘இந்த மேல்முறையீட்டை நடத்திய என் வக்கீல் மார்ச் மாதம் முதல் உடல்நலக் குறைவால் நீதிமன்றம் செல்லவில்லை. ஜூன் 12 அன்று மேல்முறையீடு வாதத்துக்கு இருந்தது எனக்குத் தெரிவிக்கப்படவில்லை. மே மாதம் நான் தொலைபேசியில் விசாரித்தபோது வழக்கு தள்ளிவைக்கப்பட்டிருப்பதாக அலுவலகத்தில் சொன்னார்கள். அதை நம்பி ஜூலை மாதம் கட்டணத்தில் ஒரு பகுதியை அனுப்பினேன். ஆகஸ்ட் மாதம் என் கணவருக்கு இருதய அறுவை சிகிச்சை நடந்ததால் அவரைக் கவனித்துக்கொண்டிருந்தேன். செப்டம்பரில் மீண்டும் விசாரித்தேன். அதே பதில் கிடைத்தது. ஜனவரி 9 அன்று நிறைவேற்று மனு நோட்டீஸ் சார்பு செய்யப்பட்டபோதே தள்ளுபடியை அறிந்தேன். மறுநாளே நகலுக்கு மனுச் செய்தேன்.’

ஒவ்வொரு வரிக்கும் ஒரு தேதி, ஒவ்வொரு தேதிக்கும் ஒரு தாள் என்று இணைப்பு இருக்கட்டும். செப்டம்பருக்கும் ஜனவரிக்கும் இடையில் நீங்கள் விசாரிக்காதது ஒரு பலவீனம். அதை மறைக்க எதையும் இட்டுக்கட்ட வேண்டாம். கணவரைக் கவனித்துக்கொண்டு வீட்டில் இருந்தீர்கள், வக்கீல் அலுவலகத்தின் வார்த்தையை நம்பினீர்கள் என்று உள்ளதைச் சொல்லுங்கள். நீதிபதிகள் குடும்பம் நடத்தாதவர்கள் இல்லை.

பழைய வக்கீல் ஒரு பிரமாணப் பத்திரம் கொடுத்தால் உங்கள் மனு இரட்டிப்பு வலுப்பெறும். ‘உடல்நலமில்லாததால் ஆஜராக முடியவில்லை, கட்சிக்காரருக்குத் தெரிவிக்கவும் தவறிவிட்டேன்’ என்று அவரே எழுதி, மருத்துவ ஆவணத்தை இணைத்துத் தர வேண்டும். அதற்காகவாவது அவரிடம் இப்போது கோபமாகப் பேசாதீர்கள்.

வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதை யாராவது உங்களுக்குக் காட்டுவார்கள். நல்ல தீர்ப்பு, உங்களுக்கு உதவும். ஆனால் கட்சிக்காரர் எப்போது வேண்டுமானாலும் பழியை வக்கீல் மேல் போட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்ளலாம் என்று அது விதி வகுக்கவில்லை என 1993-இல் சலில் தத்தா வழக்கில் அதே நீதிமன்றம் தெளிவாக்கியது. அதனால்தான் நீங்கள் செய்த போன்களும் அனுப்பிய பணமும் இவ்வளவு முக்கியமாகின்றன. வக்கீல் தவறினார் என்பதோடு, நான் தவறவில்லை என்பதும் தெரிய வேண்டும்.

போதுமான காரணம் நிரூபிக்கப்பட்டால் நீதிமன்றம் மேல்முறையீட்டை மீண்டும் ஏற்கவே வேண்டும் என்பது விதி 19-இன் வாசகம். ஆனால் செலவுத்தொகை போன்ற நிபந்தனைகளை விதிக்கலாம். ‘இன்ன தேதிக்குள் எதிர்த்தரப்புக்கு இவ்வளவு கட்டினால் மனு அனுமதி, தவறினால் தள்ளுபடி’ என்று உத்தரவு வருவது வழக்கம். அந்தத் தேதியைத் தவறவிட்டுவிடாதீர்கள்.

அமீனா கொண்டுவந்த நோட்டீஸ்

தடையாணை கையில் இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். இல்லை, சகோதரி. அது மேல்முறையீடு முடியும்வரைதான். மேல்முறையீடு தள்ளுபடியான அன்றே அதுவும் போய்விட்டது. அதனால்தான் உங்கள் மைத்துனர் நிறைவேற்று மனுப் போட முடிந்தது. அவர் செய்ததில் சட்டப் பிழை எதுவும் இல்லை. மேல்முறையீடு மீண்டும் கோப்புக்கு வந்தால் பழைய தடையாணை தானாக உயிர்பெறும் என்றும் எண்ணிக்கொண்டிருக்க வேண்டாம். மீட்பு மனுவோடு, நிறைவேற்று நடவடிக்கையை நிறுத்திவைக்கக் கோரும் மனுவையும் சேர்த்தே தாக்கல் செய்யுங்கள்.

நிறைவேற்று நீதிமன்றத்தில் நோட்டீஸில் குறிப்பிட்ட தேதியில் கண்டிப்பாக ஆஜராகுங்கள். அங்கே தனி வக்காலத்து (வக்கீலுக்கு அதிகாரம் தரும் பத்திரம்) வேண்டும். மீட்பு மனுவின் எண்ணையும் தாக்கல் செய்த தேதியையும் சொல்லி, எதிருரை தாக்கல் செய்ய அவகாசம் கேட்க வேண்டும். மீட்பு மனுவில்தான் எல்லாம் இருக்கிறது என்று நினைத்து இந்தத் தேதியை விட்டுவிடுபவர்கள் அதிகம். நிறைவேற்றக் கட்டத்தில் சட்டம் இன்னும் இறுக்கமானது: கட்டளை 21-இன் கீழ் வரும் மனுக்களுக்குத் தாமத மன்னிப்புத் தரும் 5-ஆம் பிரிவு பொருந்தாது என்று அந்தப் பிரிவே சொல்கிறது.

எல்லாம் மீறி, மேல்முறையீடு மீளும் முன்னே சுவாதீனம் எடுக்கப்பட்டாலும் வழக்கு அதோடு முடிந்துவிடாது. பின்னால் விசாரணை நீதிமன்றத் தீர்ப்பு மாற்றப்பட்டால், இழந்ததைத் திரும்பக் கேட்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 144-ஆம் பிரிவு வழி செய்கிறது. ஆனால் அறுவை சிகிச்சை முடிந்து தேறிவரும் ஒருவரை வீதிக்குக் கொண்டுவந்துவிட்டு, பிறகு 144-இன் கீழ் திரும்ப உள்ளே போவது எளிதான காரியம் இல்லை. கணவரின் உடல்நிலையை நிறுத்திவைப்பு மனுவில் குறிப்பிடுங்கள். அதற்கு உரிய இடம் இதுதான்.

வக்கீலைப் பற்றி

நுகர்வோர் நீதிமன்றம் வேண்டாம். வக்கீல்களின் தொழில்சார் சேவை நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. தொழில்முறைத் தவறுக்கு வழக்கறிஞர்கள் சட்டத்தின் 35-ஆம் பிரிவின் கீழ் மாநில பார் கவுன்சிலில் புகார் தரலாம். அது வக்கீல் மீதான ஒழுங்கு நடவடிக்கை. உங்கள் மேல்முறையீட்டை அது மீட்டுத் தராது. என் கருத்தைக் கேட்டால், நோயுற்ற மனிதர் மீது புகார் தருவதா என்பதை மேல்முறையீடு மீண்ட பிறகு ஆற அமர யோசியுங்கள். வழக்கு இல்லாதபோதும் பணம் வாங்கிக்கொண்டு, தேதி தள்ளிப்போனதாகச் சொன்ன அலுவலகத்தின் நடத்தை எனக்கும் ஆத்திரமூட்டுகிறது. ஆனால் இந்த வாரம் உங்களுக்கு அவருடைய கையெழுத்து தேவை.

புதிய வக்கீலை அமர்த்த, பழையவர் ‘ஆட்சேபணை இல்லை’ என்று எழுதித் தருவது நடைமுறை. மறுத்தால் நீதிமன்றத்தின் அனுமதியோடு மாற்றலாம். கட்டணம் பாக்கி என்று சொல்லி வழக்குக் கட்டைத் தராமல் பிடித்துவைத்துக்கொள்ள வக்கீலுக்கு உரிமை கிடையாது, ஆர்.டி. சக்சேனா வழக்கில் 2000-இல் உச்ச நீதிமன்றம் இதை முடிவாகச் சொல்லிவிட்டது. கையில் பணமில்லை என்று கடிதத்தின் ஓரத்தில் எழுதியிருக்கிறீர்கள். பெண்கள், வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவசச் சட்ட உதவி பெறத் தகுதியுடையவர்கள் என்று 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தின் 12-ஆம் பிரிவு சொல்கிறது. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு நேரே போகலாம், அல்லது 15100 என்ற எண்ணில் பேசலாம். வக்கீல் கட்டணத்தோடு நீதிமன்றக் கட்டணத்துக்கும் உதவி கிடைக்கும்.

வக்கீல் ‘வர வேண்டாம்’ என்று சொன்னது பொதுவாகச் சரியே. உரிமையியல் மேல்முறையீட்டில் வக்கீல் ஆஜரானால் போதும், கட்சிக்காரர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் போக வேண்டியதில்லை. ஆனால் வழக்கின் நிலையை நீங்களே பார்த்துக்கொள்ள இப்போது வழி இருக்கிறது. ஒவ்வொரு வழக்குக்கும் எழுத்தும் எண்ணும் கலந்த 16 இலக்க சி.என்.ஆர். எண் உண்டு. இ-கோர்ட்ஸ் செயலியில் அதை இட்டால் அடுத்த தேதியும், கடந்த தேதிகளில் நடந்ததும் தெரியும். உங்கள் மகளிடம் சொல்லி மீட்பு மனுவுக்கும் நிறைவேற்று மனுவுக்கும் இன்றே பதிவு செய்துகொள்ளுங்கள்.

மறுத்துவிட்டால்?

மீட்பு மனு தள்ளுபடியானால் கட்டளை 43 விதி 1-இன்படி அந்த உத்தரவின் மீது மேல்முறையீடு உண்டு. தாமத மன்னிப்பு மனுவிலேயே மறுப்பு வந்தால் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு (கீழ் நீதிமன்ற உத்தரவைச் சரிபார்க்கக் கோரும் மனு) போடுவது வழக்கம். இரண்டிலும் பேசப்போவது நீங்கள் கீழே தாக்கல் செய்த அதே பிரமாணப் பத்திரத்தைத்தான். அங்கே சொல்லாத காரணத்தை மேலே போய்ச் சொன்னால் எடுபடாது.

மற்ற வாசகர்களுக்காக இரண்டு செய்திகள். எதிர்மேல்முறையீட்டாளர், அதாவது மேல்முறையீட்டில் எதிர்த்தரப்பாக இருப்பவர், வராவிட்டால் மேல்முறையீடு தள்ளுபடியாவதில்லை. ஒருதலைப்பட்சமாகக் கேட்டு முடிவு செய்யப்படும். அவர் கட்டளை 41 விதி 21-இன் கீழ் மறுவிசாரணை கேட்கலாம். ‘தெரியவந்த நாள்’ சலுகை உள்ள உறுப்பு 123 அவருக்கானது. குற்றவியல் மேல்முறையீட்டை, வக்கீல் வரவில்லை என்ற ஒரே காரணத்துக்காகத் தள்ளுபடி செய்ய முடியாது. பதிவேடுகளைப் படித்துத் தகுதியின் பேரில்தான் முடிவு செய்ய வேண்டும் என்று பானி சிங் வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. வருமான வரித் தீர்ப்பாயத்துக்கும் 1969 முதல் இதே நிலைதான்.

கடைசியாக ஒன்று, சகோதரி. நீங்கள் அனுப்பிய விசாரணை நீதிமன்றத் தீர்ப்பைப் படித்தேன். உயிலை நிரூபிக்க உங்கள் மைத்துனர் தன்னையும் ஓர் உறவினரையும் மட்டுமே விசாரித்திருக்கிறார். உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவரில் ஒருவரும் கூண்டில் ஏறியதாகத் தீர்ப்பில் தெரியவில்லை. சாட்சிகளில் ஒருவராவது உயிரோடு இருந்து, நீதிமன்றம் அழைக்கக்கூடியவராக இருந்தால், அவரை விசாரிக்காமல் உயிலைச் சான்றாகக் கொள்ளக் கூடாது என்பது உங்கள் விசாரணையின்போது நடைமுறையில் இருந்த சாட்சியச் சட்டத்தின் 68-ஆம் பிரிவு. அந்த இருவரும் இப்போது எங்கே இருக்கிறார்கள், விசாரணை நடந்த ஆண்டுகளில் உயிரோடு இருந்தார்களா என்று விசாரித்து எழுதிவையுங்கள். மேல்முறையீட்டில் வாதாடத்தக்க காரணம் இருக்கிறது என்று காட்ட மீட்பு மனுவில் இதைப் பற்றி ஒரு வரி போதும். மீதியைப் புதிய வக்கீலிடம் கொடுத்து, மேல்முறையீடு கோப்புக்குத் திரும்பும் அன்றே வாதத்துக்குத் தயார் என்று நீதிபதியிடம் சொல்லச் சொல்லுங்கள்.